இறந்தோரைப் பேசவைக்கும் பொருள்: சாபம் எங்கே இருக்கிறது?

2007 ஜூலையில் வெளியான ஹாரி பாட்டர் வரிசையின் கடைசி நாவலில் ஒரு கறுப்புக் கல் வருகிறது. உள்ளங்கையில் வைத்து மூன்று முறை திருப்பினால், மறைந்தவர்கள் எதிரே வந்து நின்று பேசுவார்கள். மரணத்தை ஏமாற்றிய மூன்று சகோதரர்களின் கதையில், நடுவில் பிறந்தவன் அந்தக் கல்லைப் பெறுகிறான். மணக்க நினைத்திருந்து, அதற்குள் இறந்துபோன பெண்ணை அதைக்கொண்டு வரவழைக்கிறான். அவளும் வருகிறாள். ஆனால் இருவருக்கும் நடுவே திரை விழுந்ததுபோல் ஒரு விலகல். அவள் முகத்தில் வாட்டம், உடலில் குளிர்ச்சி. இந்த உலகம் இனி அவளுக்குரியதல்ல. அதைப் பார்த்துப் பார்த்து மனம் பேதலித்தவன், அவளிடமே போய்ச் சேர்வதற்காகத் தன் உயிரை மாய்த்துக்கொள்கிறான்.

இது நாவலுக்குள் சொல்லப்படும் சிறுவர் கதை. நாவலின் நடப்பில் அதே கல் இன்னும் இருவரிடம் வேலை செய்கிறது. கல் பதித்த மோதிரம் கொடியது என்பதை உணர வேண்டிய இடத்தில் இருப்பவர் தலைமையாசிரியர் டம்பிள்டோர். ஆனால் இளமையில் பறிகொடுத்த தங்கையிடமும் பெற்றோரிடமும் மன்னிப்புக் கேட்கும் ஆசை அவர் அறிவை மறைத்துவிடுகிறது. மோதிரத்தை விரலில் மாட்டுகிறார். கை கருகுகிறது, ஓராண்டுக்குள் சாவு நிச்சயமாகிறது. அடுத்து ஹாரி. தன் சாவை எதிர்கொள்ளக் காட்டுக்குள் நடக்கும்போது கல்லைத் திருப்புகிறான். பெற்றோர், ஞானத்தந்தை சிரியஸ், ஆசிரியர் லூபின் நால்வரும் உடன் நடக்கிறார்கள், தேற்றுகிறார்கள். பகைவன் முன் போய் நிற்கையில் கல் அவன் விரலிடுக்கிலிருந்து நழுவி விழுகிறது. பிறகு அவன் அதைத் தேடிப் போகவே இல்லை.

கல் ஒன்றுதான். இருவரை அது அழித்தது, ஒருவனுக்குத் துணை நின்றது. மோதிரத்தில் ஏற்றப்பட்ட மந்திரத்தைச் சொல்லி இந்த வேறுபாட்டை விளக்கிவிட முடியாது. நடுச் சகோதரனின் கல்லில் அப்படி எந்த மந்திரமும் இல்லை. அவன் அவளை வைத்துக்கொள்ள நினைத்தான். ஹாரிக்கு அந்தக் காட்டைக் கடக்கும் நேரம் மட்டும் போதுமாயிருந்தது. இறந்தோர் குரலைக் கேட்பதை இத்தகைய கதைகள் குற்றமாகப் பார்ப்பதில்லை; அந்தக் குரல் நினைத்தபோதெல்லாம் எடுக்கக்கூடிய உடைமையாக ஒருவர் கையில் தங்குவதைத்தான் சாபம் என்கின்றன என்பது என் வாசிப்பு. பழைய கதைகளையும், இந்த ஆசையைப் பின்தொடர்ந்த மனிதர்களின் மெய்யான வரலாற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகிறது.

இந்த நாவல்களை எழுதிய ரோலிங்கின் தாய் 1990 டிசம்பரில் 45 வயதில், பல ஆண்டுகள் நரம்பு நோயால் வருந்தி இறந்தார். மகள் அப்போது முதல் நாவலை எழுதத் தொடங்கியிருந்தார். அதைப்பற்றித் தாயிடம் ஒரு வார்த்தைகூடச் சொல்லியிருக்கவில்லை. 1997இல் வந்த அந்த முதல் நாவலில் ஒரு கண்ணாடி உண்டு. அநாதைச் சிறுவன் அதில் தன் பெற்றோரைப் பார்க்கிறான். அவர்கள் சிரிக்கிறார்கள், கையசைக்கிறார்கள், பேசுவதில்லை. அவன் இரவுக்கிரவு அதன் முன் போய் உட்காருகிறான். அங்கேயே தன்னைத் தொலைத்துவிடுவான் என்று அஞ்சித்தான் டம்பிள்டோர் அந்தக் கண்ணாடியை வேறிடத்துக்கு மாற்றுகிறார். முதல் நாவலில் சிறுவனிடமிருந்து பொருளைப் பெரியவர் அகற்ற வேண்டியிருந்தது. ஏழாவதில் அவனே கைவிடுகிறான். பத்தாண்டுகளில் எழுதி முடிக்கப்பட்ட ஒரு துக்கம் இது என்று எனக்குப் படுகிறது.

ஹோமரின் ஒடிஸியில் பதினோராவது காண்டம் இந்த மரபின் மூத்த வேர்களில் ஒன்று. அங்கே மந்திரப் பொருள் எதுவும் கிடையாது. ஒடிஸியஸ் தன் வாளால் முழ நீளம் முழ அகலத்தில் ஒரு குழி தோண்டுகிறான். தேனும் பாலும் கலந்து ஊற்றுகிறான், பிறகு இனிய திராட்சை மது, பிறகு தண்ணீர். மேலே வாற்கோதுமை மாவைத் தூவுகிறான். ஆடுகளின் கழுத்தை அறுத்துக் குழிக்குள் இரத்தத்தை வடிய விடுகிறான். இறந்தோர் மொய்த்துக்கொண்டு வருகிறார்கள். இரத்தத்தைக் குடித்தால்தான் அவர்களுக்கு நினைவும் மெய்யான பேச்சும் வரும். உருவிய வாளோடு குழியின் ஓரத்தில் அவன் உட்கார்ந்திருக்கிறான், யாரும் முந்திக்கொண்டு குடித்துவிடாதபடி.

அந்தக் கூட்டத்தில் அவன் தாயும் நிற்கிறாள். அவன் ஊரைவிட்டுக் கிளம்பியபோது உயிரோடு இருந்தவள். அவள் செத்துப்போனதே அப்போதுதான் அவனுக்குத் தெரிகிறது. அழுகிறான், ஆனாலும் அவளை இரத்தத்தின் அருகே விடுவதில்லை. தீர்க்கதரிசி தைரீசியஸ் முதலில் பேச வேண்டும். வந்த காரியம் அது. தாய் குழிக்கு இந்தப் பக்கம் மௌனமாக உட்கார்ந்திருக்கிறாள், மகனை அடையாளம் தெரியாமலே. முறை வந்தபின் குடிக்கிறாள், மகனைத் தெரிந்துகொள்கிறாள், வீட்டு நிலவரம் சொல்கிறாள், அவனை எண்ணி ஏங்கித்தான் செத்தேன் என்கிறாள். மூன்று முறை தழுவப் போகிறான். மூன்று முறையும் நிழல்போல் நழுவுகிறாள். உலக இலக்கியத்தில் இதைவிடக் கொடுமையான சந்திப்பு வேறு இருக்கிறதா என்று நான் பலமுறை யோசித்ததுண்டு. இருந்தும் ஒடிஸியஸ் சபிக்கப்படவில்லை. பெருங்கூட்டமாக இறந்தோர் திரளவும், பாதாளத்தின் அரசி, கோர்கன் என்ற அரக்கியின் தலையை அனுப்பிவிடுவாளோ என்று பயந்து கப்பலுக்கு ஓடிவிடுகிறான். ஆட்டு இரத்தம் ஒரு பொழுதுக்கு மேல் நிற்காது. குழியைத் தூக்கிக்கொண்டு ஊருக்குப் போகவும் முடியாது.

விவிலியத்தில் சவுல் மன்னனின் கதை (1 சாமுவேல், 28ஆம் அதிகாரம்) வேறு விதமானது. ஆவிகளோடு பேசுவோரை நாட்டைவிட்டே விரட்டியவன் அந்த மன்னன். பெலிஸ்தியர் படை திரண்டு நிற்கிறது, கடவுள் மௌனமாகிவிட்டார் என்றதும், மாறுவேடமிட்டு இரவில் எந்தோர் என்ற ஊரில் அத்தகைய பெண் ஒருத்தியின் வீட்டுக் கதவைத் தட்டுகிறான். இறந்துபோன தீர்க்கதரிசி சாமுவேல் எழுந்து வருகிறார், தன் அமைதியை ஏன் குலைத்தாய் என்று கடிந்துகொள்கிறார், நாளை நீயும் உன் பிள்ளைகளும் என்னோடு இருப்பீர்கள் என்று அறிவிக்கிறார். சொன்னது பலித்துவிடுகிறது. வந்த குரல் பொய்யானதல்ல. அதற்கு மேல் கேட்பதற்கு ஒன்றும் மிச்சமில்லை என்பதுதான் பயங்கரம். விழுந்து கிடந்த மன்னனை வற்புறுத்தி எழுப்பி, தன் கன்றை அடித்து, மாவு பிசைந்து அப்பம் சுட்டு, சாப்பிட வைத்து அனுப்புகிறாள் அந்தப் பெண். சூனியக்காரி என்று பேரெடுத்தவள் செய்த இந்தக் கடைசி உபசாரத்தைப் பிரசங்கங்களில் அதிகம் சொல்வதில்லை.

குழியும் சடங்கும் மறைந்து, கைக்கடக்கமான பொருள் வரும்போதுதான் கதையின் குணம் மாறுகிறது. 1902இல் டபிள்யூ. டபிள்யூ. ஜேக்கப்ஸ் எழுதிய ‘குரங்கின் பாதம்’ இதற்கு நல்ல சாட்சி. இந்தியாவில் பணியாற்றித் திரும்பிய ராணுவக்காரர் ஒருவர், உலர்ந்த குரங்குப் பாதம் ஒன்றை இங்கிலாந்துக் குடும்பம் ஒன்றில் விட்டுச் செல்கிறார். விதியோடு விளையாடினால் துயரமே மிஞ்சும் என்று காட்ட ஒரு பக்கீர் அதில் மந்திரம் ஏற்றியதாகக் கதை. முதல் வரத்தில் 200 பவுண்டு கேட்கிறார்கள். தொழிற்சாலை இயந்திரத்தில் சிக்கி மகன் செத்து, இழப்பீடாக அதே தொகை வருகிறது. தாய் பிடிவாதமாக இரண்டாவது வரத்தில் மகனைத் திரும்பக் கேட்கிறாள். நள்ளிரவில் கதவு தட்டப்படுகிறது. அவள் தாழ்ப்பாளோடு போராடும்போது தகப்பன் இருட்டில் பாதத்தைத் தேடியெடுத்து மூன்றாவது வரத்தைக் கேட்டுவிடுகிறார். தட்டல் நிற்கிறது, திறந்தால் தெருவில் யாருமில்லை.

மகன் கடைசிவரை ஒரு சொல்கூடப் பேசுவதில்லை. ஜேக்கப்ஸின் திறமை அங்கே இருக்கிறது. அதோடு நாம் கவனிக்க வேண்டிய இன்னொன்றும் உண்டு. காலனி ஆட்சிக்காலத்து ஆங்கிலக் கதைகளில் சபிக்கப்பட்ட பொருள் அடிக்கடி இந்தியாவிலிருந்து வருகிறது. 1868இல் வில்கி காலின்ஸ் எழுதிய ‘சந்திரக்கல்’ இதற்கு முன்னோடி. இங்கிருந்து எடுத்துப்போனவற்றைப் பற்றிய உறுத்தல் அந்தச் சாபங்களுக்குள் ஒளிந்திருக்கிறது என்றே நினைக்கிறேன். பக்கீரைத் தவிர மற்ற எல்லோருக்கும் அந்தப் பாதம் கைமாறி வந்த ஒரு சாமான்.

கைப்பொருளை அடக்கியாளும் வழியை ஆழமாக யோசித்தவர் ஆஸ்திரேலிய எழுத்தாளர் கார்த் நிக்ஸ். 1995இல் வந்த அவருடைய ‘சாப்ரியல்’ நாவலில் மார்பின் குறுக்கே தோல்வாரில் ஏழு மணிகள் தொங்குகின்றன. தூங்க வைப்பது ஒன்று, எழுப்புவது ஒன்று, நடக்க வைப்பது ஒன்று. டைரிம் என்ற மணி இறந்தோருக்கு இழந்த குரலைத் தரும். அதிகம் பேசும் நாவை அடக்கவும் செய்யும். மொஸ்ரேல் எழுப்பும் மணி, ஆனால் கேட்பவர் எவ்வளவு தூரம் உயிருக்குள் வருகிறாரோ அவ்வளவு தூரம் அடிப்பவர் மரணத்துக்குள் சறுக்குவார். கடைசி மணியான அஸ்டரேல், அடித்தவர் உட்படக் கேட்ட எல்லோரையும் மரணத்துக்குள் அனுப்பிவிடும். உறையிலிருந்து எடுக்கும்போதே மணியின் நாக்கு ஆடாமல் விரலால் பிடித்துக்கொள்ள வேண்டும். பிடி நழுவினால் மணி தன் இஷ்டத்துக்கு ஒலிக்கும்.

இதே மணிகளைப் பிணங்களை ஏவும் மந்திரவாதிகளும் வைத்திருக்கிறார்கள். இறந்தோரை மறுபடி உறங்கவைக்கும் அபோர்சென் என்ற பொறுப்பில் இருப்பவரும் வைத்திருக்கிறார். நாயகி அந்தப் பொறுப்பை வகிப்பவரின் மகள். தகப்பனை மரணத்திலிருந்து மீட்கப் புறப்படுகிறாள், கண்டுபிடித்தும் விடுகிறாள். ஆனால் அவருக்குக் கிடைப்பது அளந்து தரப்பட்ட கொஞ்ச நேரம். சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டு அவர் போகத்தான் வேண்டும். மணியைக் கையாளத் தெரிந்தவருக்கும் விதிவிலக்கு இல்லை. தொழிலாகக் கற்றவருக்கு மட்டும் உரியது, அவருக்கும் நேரக் கணக்கு உண்டு என்ற இந்த ஏற்பாட்டைக் கற்பனைக் கதைகள் கண்டடைந்த மிக நேர்மையான பதிலாக மதிக்கிறேன்.

கதைகளை விட்டு வரலாற்றுக்கு வருவோம். 1848இல் நியூயார்க் மாநிலத்தின் ஹைட்ஸ்வில் என்ற சிற்றூரில் ஃபாக்ஸ் சகோதரிகள் தங்கள் வீட்டில் கேட்கும் தட்டல் ஒலி ஓர் ஆவியின் பதில் என்றார்கள். அட்லாண்டிக்கின் இருபுறமும் அது இயக்கமாகவே வளர்ந்தது. 40 ஆண்டுகள் கழித்து 1888இல் அவர்களில் ஒருவரான மார்கரெட், கால்விரல் மூட்டைச் சொடுக்கியே அந்த ஒலியை எழுப்பினோம் என்று மேடையில் செய்து காட்டினார். நம்பியவர்கள் அதற்குப் பிறகும் நம்பினார்கள். எழுத்துகள் அச்சிட்ட ஓயிஜா பலகைக்கு 1891 பிப்ரவரியில் அமெரிக்கக் காப்புரிமையே கிடைத்தது. பால்டிமோரிலிருந்து விளையாட்டுச் சாமானாக அது விற்கப்பட்டது. 1973இல் ‘எக்ஸார்சிஸ்ட்’ படம் வரும்வரை பெரும்பாலோருக்கு அது வரவேற்பறைப் பொழுதுபோக்குதான். சாபம் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. ஃபோனோகிராஃபைக் கண்டுபிடித்த மறு ஆண்டே, 1878இல், அதன் பயன்களைப் பட்டியலிட்ட எடிசன், குடும்பத்தில் சாகக் கிடப்போரின் கடைசிச் சொற்களைப் பதிந்து வைக்கலாம் என்று எழுதினார். 1920இல் பத்திரிகைப் பேட்டிகளில், மறைந்தோர் நம்மைத் தொடர்புகொள்ள விரும்பினால் உதவக்கூடிய ஒரு கருவியை உருவாக்கும் முயற்சியைப் பற்றியும் பேசினார். அப்படி ஒரு கருவி வெளிவரவே இல்லை.

முதல் உலகப் போரில் பிள்ளைகளைக் கொடுத்த தலைமுறை அது. வானொலி ஆய்வில் பெயர்பெற்ற இயற்பியலாளர் ஆலிவர் லாட்ஜ், 1915இல் போர்முனையில் இறந்த மகன் ரேமண்டோடு ஆவி ஊடகர்கள் வழியாகப் பேசியதாக நம்பி, அடுத்த ஆண்டே பெரிய நூல் ஒன்று எழுதினார். அந்தத் தகப்பனைப் பார்த்துச் சிரிக்க எனக்கு மனம் வரவில்லை.

ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த ஆர்தர் கானன் டாயிலும் மாயவித்தைக்காரர் ஹூடினியும் 1922 ஜூனில் அட்லாண்டிக் சிட்டி ஓட்டலில் கூடிய அமர்வு, இந்த வரலாறு முழுவதையும் ஒரே அறைக்குள் காட்டுகிறது. ஹூடினி தாய்மேல் உயிராக இருந்தவர்; அவள் 1913இல் இறந்தபோது ஐரோப்பாவில் நிகழ்ச்சி நடத்திக்கொண்டிருந்தார். டாயிலின் மனைவி பென்சிலைக் கையில் பிடித்து, ஆவி எழுத வைப்பதாகச் சொல்லிப் பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினார். தாளின் உச்சியில் ஒரு சிலுவைக் குறி. உள்ளே முழுக்க ஆங்கிலம். ஹூடினியின் தாயோ யூத குருவின் மனைவி. ஆங்கிலம் அவளுக்கு வராது. அன்று அவளுடைய பிறந்தநாள். கடிதத்தில் அதைப்பற்றி ஒரு சொல்லும் இல்லை. ஹூடினி அந்த இடத்தில் வாயைத் திறக்கவில்லை. பின்னர் இதை வெளிப்படையாக எழுதியபோது நட்பு முறிந்தது. டாயில் ஏதேதோ சமாதானம் சொன்னார். ஆனால் தாய் எந்த மொழியில் தன்னைக் கூப்பிடுவாள் என்பது மகனுக்குத் தெரியாதா? ஹூடினி 1926இல் இறந்தபின் அவர் மனைவி பெஸ் ஆண்டுதோறும் அவரை அழைத்துப் பார்த்தார். 1936இல், பத்து ஆண்டு போதும் என்று முடிவெடுத்து நிறுத்தினார்.

நிறுத்தத் தெரிந்த மரபுகள் நம் ஊரிலும் இருக்கின்றன. வட தமிழ்நாட்டில் பல குடும்பங்களில் கல்யாணம் போன்ற நல்ல காரியத்துக்கு முன் பூவாடைக்காரியை அழைப்பார்கள். அந்த வீட்டில் இறந்துபோன பெண் அவள். பம்பைக்காரர்கள் பம்பையும் உடுக்கையும் அடித்து வர்ணித்துப் பாட, வீட்டார் ஒருவர்மேல் அவள் வந்து இறங்கிப் பேசுவாள். குறை இருந்தால் சொல்வாள், வீட்டார் அழுவார்கள், வாக்குக் கொடுப்பார்கள். அதற்குப்பின் அவள் குடும்பத்தைக் காக்கும் தெய்வமாக நிலைகொள்வாள், கல்யாண வேலை தொடங்கிவிடும். பம்பைக்காரர் கூலியை வாங்கிக்கொண்டு பம்பையோடு புறப்பட்டுவிடுவார். பேசவைக்கும் கருவி அந்த வீட்டில் தங்குவதில்லை. ஊரும் உறவும் சுற்றி நிற்க, நாள் குறித்து, ஒருமுறை கேட்கும் குரல் அது. அது உண்மையில் யாருடைய குரல் என்ற விவாதம் வேறு. துக்கத்துக்கு ஒரு வரம்பு கட்டிக் கொடுக்கிறது என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஜப்பானின் ஓட்சுசியில் சசாகி இதாரு என்ற தோட்ட வடிவமைப்பாளர், இறந்துபோன உறவினரோடு பேசத் தன் தோட்டத்தில் வைத்த இணைப்பில்லாத தொலைபேசியும் இந்த இனம்தான். 2011 சுனாமியில் அந்த ஊர் ஆயிரத்துக்கும் மேற்பட்டோரை இழந்தபின், ஆயிரக்கணக்கானோர் வந்து அதில் பேசிப் போனார்கள். மறுமுனையில் யாரும் பேசுவதில்லை, பேசுவதாக யாரும் ஏமாற்றுவதுமில்லை.

இப்போது கல் உண்மையாகவே செய்யப்பட்டுவிட்டது. 2022 ஜூனில் லாஸ் வேகாஸில் அமேசான் நிறுவனம் தன் அலெக்ஸா கருவியை மேடையேற்றி, மறைந்த பாட்டியின் குரலில் பேரனுக்குக் கதை படித்துக் காட்டியது. ஒரு நிமிடத்துக்கும் குறைவான பதிவு போதும் என்றது. ஜேசன் ரோரர் உருவாக்கிய ‘புராஜெக்ட் டிசம்பர்’ என்ற உரையாடல் மென்பொருளில், மறைந்தவரின் குறிப்புகளைக் கொடுத்து அவரைப்போலவே எழுத்தில் பேசவைக்கலாம். அவர் அதில் ஒவ்வொரு பாத்திரத்துக்கும் அளவான ஆயுளை வைத்தார். தீரத்தீர அது தடுமாறி அடங்கிவிடும். கார்த் நிக்ஸின் நாவலில் தகப்பனுக்குக் கிடைத்த ஏற்பாடு இது. மாதம்தோறும் சந்தா வாங்கும் நிறுவனத்துக்கு இந்த ஏற்பாடு கட்டுப்படியாகாது.

தமிழ்நாட்டில் இது எங்கோ நடக்கும் செய்தியாக இல்லை. 2024இல் வந்த ‘லால் சலாம்’ படப் பாடல் ஒன்றில் மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, ஷாகுல் ஹமீது இருவரின் குரலையும் செயற்கை நுண்ணறிவால் ஏ.ஆர்.ரஹ்மான் கொண்டுவந்தார். குடும்பத்தாரின் அனுமதி பெற்று, உரிய ஊதியமும் கொடுத்ததாக வெளிப்படையாகச் சொன்னார். அதே ஆண்டு ‘கோட்’ படத்தில் மறைந்த பாடகி பவதாரிணியின் குரலும் அவ்வாறே ஒலித்தது. 2018இல் மறைந்த கருணாநிதியும் இதே வழியில் திரையில் தோன்றி விழா ஒன்றில் வாழ்த்திப் பேசினார். 2016இல் மறைந்த ஜெயலலிதாவின் குரல் அவருடைய பிறந்தநாளன்று கட்சிக்கு ஆதரவு கேட்டது. பாடகர்கள் விஷயத்தில் அனுமதி, ஊதியம் என்ற கேள்வியாவது எழுந்தது. தலைவர்கள் தாங்கள் சொல்லாத அரசியலைச் செத்தபின் சொல்லும்போது, யாரிடம் அனுமதி கேட்பது? இறந்தவரின் வாயில் இன்றைய தேவைக்கான சொற்களை வைப்பது, டாயிலின் மனைவி எழுதிய ஆங்கிலக் கடிதத்தைவிட மோசமான செயல் என்பேன். அந்த அம்மையார் தாம் எழுதியதைத் தாமே நம்பினார்.

சட்டம் இங்கே கைகொடுக்கவில்லை. ஜெயலலிதாவின் வாழ்க்கைப் படத்தை எதிர்த்து அவருடைய அண்ணன் மகள் தொடுத்த வழக்கில், ஒருவர் வாழ்ந்தபோது ஈட்டிய புகழும் அந்தரங்கமும் சொத்துபோல் வாரிசுக்கு இறங்குவதில்லை என்றது 2021இல் சென்னை உயர் நீதிமன்றம். நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத்தின் தந்தை தொடுத்த வழக்கில் 2023இல் தில்லி உயர் நீதிமன்றமும், அத்தகைய உரிமைகள் ஆளோடு முடிந்துவிடுகின்றன என்றது. இரண்டும் திரைப்படங்கள் தொடர்பான தீர்ப்புகள், கருத்துச் சுதந்திரத்தை மனத்தில் வைத்துச் சொல்லப்பட்டவை. ஒருவரின் குரலையே வார்த்தெடுத்துப் புதிதாகப் பேசவைக்கும் கருவிக்கு அவற்றை அப்படியே பொருத்தினால், செத்தவரின் குரல் புறம்போக்கு நிலமாகிவிடும். தனிச் சட்டம் வேண்டும். இறந்தவர் உயிரோடு இருக்கையில் கொடுத்த சம்மதம், குடும்பத்தின் சம்மதம் இரண்டோடு, எவ்வளவு காலத்துக்கு என்ற கெடுவும் அதில் இருக்க வேண்டும். மூன்றாவதை யாரும் பேசுவதாகத் தெரியவில்லை. எனக்கு அதுவே முதன்மையாகப் படுகிறது.

சட்டம் வரும்வரை நாம் செய்யக்கூடியது ஒன்று உண்டு. உங்கள் குரலை உங்களுக்குப்பின் யாராவது பேசவைக்கலாமா, கூடாதா, சரியென்றால் யார், எதற்காக, எத்தனை நாள் என்பதை வீட்டாரிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள். உயில் எழுதும்போது அதையும் ஒரு வரியாகச் சேர்த்து எழுதி வையுங்கள்.